ஒரு பக்கத்தில் மூன்று பேர்

மார்ச் 4, திங்கள்

இன்று முழுக்க ஒரு பல் மருத்துவரோடும் ஒரு கோழிப்பண்ணைக்காரரோடும் மல்லுக்கட்டு. இருவருக்கும் ஒரே பெயர், பிறந்த ஆண்டும் ஒன்றே. திரையின் இடப்பக்கம் ஒருவர், வலப்பக்கம் இன்னொருவர். கீழே இரண்டு பொத்தான்கள்: ‘ஒருவரே’, ‘வேறு வேறு’. பக்கத்து நாற்காலிக் கண்ணாடி எட்டிப் பார்த்து, “பகல்ல பல்லு புடுங்கிட்டு சாயங்காலம் கோழி வளக்கக் கூடாதா?” என்றாள். மூக்குக் கண்ணாடியைத் தலையில் ஏற்றிவைத்துக்கொண்டு மேசையெல்லாம் தேடுகிறவள், அதனால் அவளுக்கு அந்தப் பெயர். வளர்க்கலாம்தான். இருந்தாலும் ‘வேறு வேறு’ என்று அழுத்தினேன்.

எங்கள் நிறுவனத்தின் பிழைப்பே இதுதான். நீதிமன்றத் தீர்ப்பு, வீட்டுப் பத்திரம், ஓட்டுநர் உரிமம், காப்புரிமை என்று பொதுவில் கிடைக்கும் ஆவணங்களையெல்லாம் வாரிக்கொண்டு வந்து, பெயர் பார்த்துச் சேர்த்து, ஆளுக்கு ஒரு பக்கம் போடுவது. வீடு வாடகைக்கு விடுகிறவர், வேலைக்கு ஆள் எடுக்கிறவர், பெண் கொடுக்கிறவர் எல்லாம் பணம் கட்டிப் பார்ப்பார்கள். பெரும்பாலானவற்றை எந்திரமே ஒட்டிவிடும். அதற்குச் சந்தேகம் வந்தால் மட்டும் எங்களிடம் தள்ளும்.

வீட்டுக்கு வந்தால் அண்ணன் துணி மடித்துக்கொண்டிருக்கிறான். பள்ளிக்கூடத்தில் புது விதியாம், பேருந்து ஓட்டுநர்கள் எல்லோருடைய பின்னணியையும் பார்க்கிறார்களாம். “நம்மகிட்ட பாக்க என்ன இருக்கு” என்றான். அவனைப் பற்றிப் பார்க்க உண்மையிலேயே ஒன்றும் கிடையாது.

மார்ச் 6, புதன்

அண்ணனை வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

தலைமையாசிரியை அறைக்குக் கூப்பிட்டுக் கணினியைத் திருப்பிக் காட்டினாராம். குடித்துவிட்டு சரக்கு வேன் ஓட்டி, சாலையைக் கடந்த ஒரு சிறுமியை இடித்து, எட்டு மாதம் சிறை. ஐந்து வருடத்துக்கு முந்தைய வழக்கு. இவன், “இது நான் இல்லீங்க” என்றிருக்கிறான். “பேரு உங்களோடதுதானே?” என்று கேட்டிருக்கிறார். இந்த அரிச்சந்திரனும், “பேரு என்னோடதுதான்” என்று தலையாட்டிவிட்டு வந்திருக்கிறான்.

இருமல் மருந்து குடித்தாலே தலை சுற்றுகிறது என்று படுத்துக்கொள்கிறவன் குடித்துவிட்டு வண்டி ஓட்டினானாம். எனக்குச் சிரிப்புதான் வந்தது. அண்ணி சிரிக்கவில்லை. “எங்க போட்டிருக்கு அப்படி?” என்று கேட்டார். சொன்னேன். எங்கள் நிறுவனத்தின் பக்கத்தில்தான்.

தலைமையாசிரியை மரியாதையாகத்தான் பேசினாராம். ஜூனில் பள்ளி திறக்கும்போது எல்லோருக்கும் புது ஒப்பந்தம். அதற்குள் சரிசெய்து கொண்டு வந்தால் பேருந்து அவனுக்குத்தான். அதுவரை வீட்டில் இருக்க வேண்டும். ஜூன்தானே, நான் இருக்கிறேன், பார்த்துக்கொள்கிறேன் என்று வாய் நிறையச் சொல்லியிருக்கிறேன்.

மார்ச் 7, வியாழன்

அலுவலகத்தில் உறவினர் பக்கத்தைத் திறக்கவே கூடாது. திறந்தால் பதிவாகும், வேலை போகும். அதனால் வீட்டில் உட்கார்ந்து, வெளியாள் மாதிரிப் பணம் கட்டி, நானே வேலை பார்க்கும் இடத்துக்கு வாடிக்கையாளர் ஆனேன்.

அந்தப் பக்கத்தில் இருக்கும் மனிதனை எனக்கே நேரில் பார்க்க ஆசையாக இருந்தது. பள்ளிப் பேருந்து ஓட்டுகிறார். நான்கு காப்புரிமைகள் வாங்கியிருக்கிறார். நடுவில் சிறைக்கும் போய் வந்திருக்கிறார். மூன்று பேரை ஒன்றாகப் பிசைந்து உருட்டி வைத்திருக்கிறது எந்திரம். ஏன் என்றும் புரிந்துவிட்டது. காப்புரிமைகளில் ஒன்று, வேனில் சின்னப் பிள்ளைகள் ஏறுவதற்கான மடக்குப் படி. வழக்கும் வேன். அண்ணன் ஓட்டுவதும் பிள்ளைகள் ஏறும் வண்டி. மூவருக்கும் வயது கிட்டத்தட்ட ஒன்று. எந்திரத்துக்கு இவ்வளவு போதும்.

அண்ணன் வழக்கைப் படிக்கவில்லை. அந்தப் படியின் வரைபடத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தான். அவன் பேருந்தில் ஒரு மரமுக்காலி வைத்திருக்கிறான், ஒவ்வொரு நிறுத்தத்திலும் இறங்கிப் போட்டுக் குட்டிகளை ஏற்றிவிட்டு எடுத்துவைப்பான். “நல்லா யோசிச்சிருக்காரு. ஆனா மழையில வழுக்கும்” என்றான். அண்ணி, “விஞ்ஞானி, சாப்பிட வாங்க” என்றார். மூவரும் சிரித்தோம்.

மார்ச் 12, செவ்வாய்

மேற்பார்வையாளரிடம் கேட்டேன். நான் வாயைத் திறந்ததுமே கையைத் தூக்கிவிட்டார். “உறவுக்காரங்க விஷயம் எங்கிட்ட பேசாதீங்க, உங்களுக்கும் நல்லதில்ல எனக்கும் நல்லதில்ல. திருத்தப் பிரிவுக்கு எழுதச் சொல்லுங்க.”

திருத்தப் பிரிவு மேல்மாடியில் இருக்கிறது. இத்தனை வருடத்தில் அங்கிருந்து ஒருவர் இறங்கிப் பார்த்ததில்லை. எங்கள் அட்டைக்கு அந்தத் தளத்தில் மின்தூக்கி நிற்காது. கண்ணாடி சொல்கிறாள், அங்கே ஆளே இல்லை, ஒரு மின்விசிறி மட்டும் சுற்றிக்கொண்டிருக்கிறது என்று.

வீட்டில் அண்ணனை உட்காரவைத்து எழுதினோம். ‘நான் அந்த வழக்கில் தண்டிக்கப்பட்டவன் அல்லன்.’ வழக்கு எண், நீதிமன்றம், அந்த ஆளின் முகவரி எல்லாம் தெளிவாக இருக்க வேண்டும் என்று நான்தான் சொல்லிச் சொல்லி எழுதவைத்தேன்.

மார்ச் 19, செவ்வாய்

பதில் வந்துவிட்டது. ‘தங்கள் கோரிக்கை கிடைக்கப்பெற்றது. அது தங்கள் பக்கத்தில் சேர்க்கப்பட்டுள்ளது.’

அவ்வளவுதான். அண்ணன் இரண்டு தடவை படித்துவிட்டு, “சேத்துட்டாங்கன்னா நல்லதுதானே?” என்று கேட்டான்.

நல்லதில்லை, அண்ணா. அதை அவனிடம் எப்படிச் சொல்வது? எங்கள் இடத்தில் உள்ளே வருவதெல்லாம் ஆவணம். தீர்ப்பும் ஆவணம், ‘இந்தத் தீர்ப்பு என்னுடையது அல்ல’ என்று அழுது எழுதுகிற கடிதமும் ஆவணம். அதில் இவன் பெயர் இருக்கிறது, இவன் முகவரி இருக்கிறது, அந்த வழக்கு எண்ணும் இருக்கிறது. ‘அல்லன்’ என்பதை எந்திரம் படிக்குமா படிக்காதா என்று எனக்குத் தெரியாது. கேட்கலாம் என்றால் யாரிடம் கேட்பது?

மார்ச் 23, சனி

காப்புரிமையில் ஒரு வசதி. கண்டுபிடித்தவரின் வீட்டு முகவரியையே போட்டிருப்பார்கள். அண்ணனும் நானும் கிளம்பிப் போனோம்.

தரைத்தள வீடு. முன்னால் கொடியில் துணி. கதவைத் திறந்தவரிடம் அண்ணன் தன் பெயரைச் சொன்னான். அவர் அவனை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “நானும் அதே” என்றார். இருவரும் கை குலுக்கிக்கொண்டார்கள். ஒல்லியான மனிதர், சட்டைப் பையில் மூன்று பேனா. ஒரு தொழிற்சாலையில் பராமரிப்பு வேலை. மீதி நேரமெல்லாம் கண்டுபிடிப்பு. நான்கில் ஒன்று துணிக்கொடியில் மாட்டும் கவ்வி. வெளியே கொடியில் இருந்தது சாதாரணக் கிளிப் என்று நான் கவனித்ததை அவர் மனைவி கவனித்துவிட்டார். “அவரோடது துணியைக் கிழிக்குது” என்றார்.

அவர் எங்களைவிட நொந்துபோய்த்தான் இருக்கிறார். அந்த மடக்குப் படியைச் செய்து விற்பதற்கு ஒரு கம்பெனி வந்ததாம். எல்லாம் பேசி முடிந்தபின் திடீரென்று போனையே எடுப்பதில்லையாம். பிறகுதான் பக்கத்தைப் பார்த்திருக்கிறார். “எனக்கு வண்டி ஓட்டவே தெரியாதும்மா. சைக்கிள்லயே தடுமாறுவேன். என்னைக் குடிச்சுட்டு வேன் ஓட்டினவன்னு போட்டிருக்கான்.”

அண்ணன் அவரைத் தேற்றுவான் என்று பார்த்தால், படியைப் பற்றி ஆரம்பித்துவிட்டான். மழை நாளில் பிள்ளைகளின் செருப்பு வழுக்கும், ஓரத்தில் வரப்பு மாதிரி ஒன்று வேண்டும், மடக்கும்போது விரல் நசுங்கும். அவர் முதலில் கோபப்பட்டார். பிறகு ஒரு பேனாவை எடுத்துக் குறித்துக்கொண்டார். கிளம்பும்போது வாசல்வரை வந்து, “இத்தன வருஷத்துல இதை முழுசா படிச்ச ஆள் நீங்கதான்” என்றார்.

அண்ணனுக்குப் பேருந்தில் முகமெல்லாம் வெளிச்சம். இந்த மாதத்தில் இன்றுதான் ஒரு நல்ல நாள்.

ஏப்ரல் 2, செவ்வாய்

திருத்தப் பிரிவுக்கு அனுப்ப, அண்ணனும் காப்புரிமைக்காரரும் சேர்ந்து ஒரு பிரமாணப் பத்திரம். ‘கீழே கையொப்பமிட்ட நாங்கள் ஒரே பெயருடைய இரு வேறு நபர்கள்.’ தனித்தனியாகத்தான் போடப் போனார்கள். நோட்டரிதான், “ரெண்டு பேரும் ஒரே பத்திரத்துல வந்தா பலம் அதிகம், பொய்யின்னு யாரும் சொல்ல முடியாது” என்றார். நானும் ஆமாம் என்றேன். இரண்டு முகவரி, இரண்டு கையெழுத்து, இரண்டு கட்டைவிரல் ரேகை, ஒரே பெயர். வெளியே வந்து மூவரும் டீ குடித்தோம். காப்புரிமைக்காரர்தான் காசு கொடுப்பேன் என்று அடம்பிடித்தார்.

ஏப்ரல் 11, வியாழன்

தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருக்கிறது.

மதிய இடைவேளையில் கண்ணாடி என்னைக் கைகழுவும் இடத்துக்கு இழுத்துக்கொண்டு போனாள். அவள் உறவுக்காரி இல்லை, அதனால் பார்க்கலாம். “நேத்து வரைக்கும் உங்க அண்ணன் பக்கம் சந்தேகத்துல இருந்துச்சு. எப்படியும் நம்ம வரிசைக்கு வரும், நான் ‘வேறு வேறு’ போட்டுடலாம்னு காத்துக்கிட்டு இருந்தேன். காலைல பாத்தா உறுதின்னு பச்சைக்கோடு விழுந்திருக்கு. என்னடி அனுப்பினீங்க?”

சொன்னேன். அவள் தலையிலிருந்த கண்ணாடியை எடுத்துத் துடைத்தாள்.

ஒரே தாளில் ஒரே பெயர், இரண்டு முகவரி. எந்திரம் என்ன நினைக்கும்? இரண்டு வீடு உள்ள ஒரு ஆள் என்று நினைக்கும். சொந்த வீடு, வாடகை வீடு என்று இப்படித்தான் அது தினமும் சேர்க்கிறது, அதை நான் தினமும் பார்க்கிறேன். எனக்கு அன்றைக்கே உறைத்திருக்க வேண்டாமா? நோட்டரிக்குத் தெரியாது, அண்ணனுக்குத் தெரியாது. எனக்குத் தெரியுமே. ஆனால் நோட்டரி முன்னால் உட்கார்ந்திருந்தபோது நான் எந்திரத்தை நினைக்கவில்லை, மனுஷர்கள் படிக்கப்போகிறார்கள் என்றே நினைத்தேன்.

பச்சைக்கோடு விழுந்த பக்கம் எங்கள் வரிசைக்கு வராது. மனிதக் கை அதன்மேல் படவே படாது.

ஏப்ரல் 12, வெள்ளி

அண்ணனிடம் சொன்னேன். “சரி விடு” என்றான். அவன் சத்தம் போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

ஏப்ரல் 21, ஞாயிறு

அண்ணி இன்று மாடிக்கு என் அறைக்கு வந்தார். வந்தால் ஏதாவது குறை சொல்ல வருவார், விளக்கை அணைக்கவில்லை, வாளியை எடுத்துவைக்கவில்லை என்று. இன்று கட்டிலில் உட்கார்ந்துகொண்டார்.

“உங்க அண்ணன் காலைல அதே நேரத்துக்கு எழுந்து குளிச்சு சட்டை போட்டுக்கிறார். அப்புறம் என்ன பண்றதுன்னு தெரியாம தெருமுனை வரைக்கும் போயிட்டு வர்றார். நேத்து எதிர்வீட்டு அம்மா எங்கிட்ட, ‘முன்னாடி குடிப்பாரா?’ன்னு கேக்குறாங்க. முன்னாடின்னா எப்போ? கல்யாணம் ஆகி இத்தன வருஷமா நான்தானே கூட இருக்கேன்.”

எதிர்வீட்டு அம்மாவும் பணம் கட்டிப் பார்த்திருக்கிறார். எங்கள் நிறுவனத்துக்கு எங்கள் தெருவே படியளக்கிறது.

“நீ அங்கதானே இருக்க?” என்றார் அண்ணி. திட்டுவது போல இல்லை, நிஜமாகவே புரியாமல்தான் கேட்டார். அங்கேதான் இருக்கிறேன் அண்ணி. காலையிலிருந்து மாலைவரை யார் யாரையோ பிரித்துவிடுகிறேன். இவனை மட்டும் என்னால் தொட முடியாது.

மே 5, ஞாயிறு

வழக்குக்காரரைப் பார்த்துவிட்டு வந்தேன்.

கண்ணாடியின் யோசனை. பச்சைக்கோட்டை அழிக்க ஒரே ஒரு வழி இருக்கிறதாம். தண்டனை பெற்றவரே நேரில் வந்து, ‘இது என் வழக்கு’ என்று கைரேகை வைத்தால், வழக்கு அவரோடு போய்விடும். தீர்ப்பில் இருந்த முகவரியில் விசாரித்து, அங்கிருந்து இன்னோர் இடம், அங்கிருந்து இன்னோர் இடம். கடைசியில் ஒரு குளிர்பதனக் கிடங்கின் பின்பக்கம் கண்டுபிடித்தேன். ஞாயிற்றுக்கிழமையும் வேலை. கம்பளிக் குல்லாயோடு வெயிலில் வந்து நின்றார்.

நான் ஒரு முரடனைத்தான் மனதில் வைத்துக்கொண்டு போயிருந்தேன். நாற்பது வயதிருக்கும், கண்ணைப் பார்த்தே பேசவில்லை. விஷயத்தைச் சொன்னேன். முழுக்கக் கேட்டார்.

“அந்தப் பக்கம் எனக்கும் தெரியும்ங்க. இங்க வேலைக்கு எடுக்கும்போது மேனேஜர் பாத்தாரு. இத்தனை கண்டுபிடிச்சிருக்கியே, பள்ளிக்கூட பஸ் வேற ஓட்டியிருக்கியே, ஏதோ கெட்ட நேரம் போலன்னு சொல்லி எடுத்துக்கிட்டாரு. அதுக்கு முன்னாடி ரெண்டு வருஷம் எனக்கு யாரும் வேலை குடுக்கலைங்க.”

குல்லாயைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

“நீங்க பிரிச்சுட்டீங்கன்னா எனக்கு அந்தக் கேஸ் மட்டும்தான் மிஞ்சும். வேற ஒண்ணுமே இல்ல எனக்கு.”

“எங்க அண்ணன் ஒரு தப்பும் பண்ணலைங்க” என்றேன்.

“தெரியுதுங்க. நான் பண்ணினேன், உள்ள இருந்துட்டும் வந்துட்டேன். அஞ்சு வருஷமா தொடல. அவர் ரொம்ப நல்லவரா இருப்பாரு. அவர்கிட்ட மன்னிப்பு வேணும்னா கேக்கறேன். கைரேகை மட்டும் கேக்காதீங்க.”

எவ்வளவோ வசனம் தயார் செய்துகொண்டு போயிருந்தேன். அவ்வளவையும் அப்படியே திருப்பிக் கொண்டுவந்தேன். அவர்மேல் கோபப்பட முடியவில்லை என்பதுதான் எனக்கு அதிகக் கோபம். பேருந்தில் வரும்போது அழுதேன். யாரோ ஒரு அம்மா தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

மே 6, திங்கள்

அண்ணனிடம் எல்லாம் சொல்லிவிட்டேன். “எங்க இருக்கார் அந்த ஆளு?” என்று மட்டும் கேட்டான். முகவரியைக் கொடுத்தேன். அண்ணன் யாரையும் அடிக்கிறவன் இல்லை. இருந்தாலும் கொடுத்திருக்க வேண்டாமோ என்று தோன்றுகிறது.

மே 14, செவ்வாய்

அண்ணன் போய்விட்டு வந்திருக்கிறான். போன சனிக்கிழமையே. எங்களுக்குச் சொன்னது இன்றுதான்.

“கைரேகை கேட்டியா?” என்றேன்.

“கேக்கல.”

“பின்ன எதுக்குப் போன?”

“அது எப்படி நடந்துச்சுன்னு கேட்டேன்.”

ஓட்டுநரிடம் ஓட்டுநராகக் கேட்டானாம். மாலை நேரம், தூறல். முந்தின நாளிலிருந்தே குடி. மஞ்சள் குடை பிடித்துக்கொண்டு அந்தப் பெண் கடக்கிறாள், இவர் குடையை மட்டும்தான் பார்த்தாராம், கீழே ஆள் இருப்பது மூளைக்கு ஏறவில்லையாம். கால் போய்விட்டது அவளுக்கு, முழங்காலுக்குக் கீழே. தீர்ப்பில் ‘பலத்த காயம்’ என்றுதான் இருந்தது. அவர் ஒருமுறைகூடப் போய் அவளைப் பார்க்கவில்லை, தைரியம் வரவில்லை என்று சொன்னாராம்.

அண்ணி சோற்றில் கையை வைத்துக்கொண்டு அப்படியே இருந்தார். “சரி, நம்ம விஷயம் என்ன ஆச்சு?” என்று நான் கேட்டதற்கு அண்ணன், “அவர் வயித்துல எப்படி அடிக்கறது?” என்றான்.

நம் வயிற்றில் அடித்தால் பரவாயில்லையா என்று கத்தினேன். கத்திவிட்டு, மாடிக்கு வந்து இதை எழுதுகிறேன். அண்ணியின் தையல் எந்திரச் சத்தம் கேட்கிறது.

மே 27, திங்கள்

நானே பள்ளிக்கூடத்துக்குப் போனேன். தலைமையாசிரியை உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார். “நான் அவரை நம்புறேன்மா. அத்தனை பேரண்ட்ஸும் இதைப் பாக்குறாங்க. அவங்ககிட்ட நான் என்ன சொல்லட்டும்?” என்றார். அவரும் என்ன செய்வார். எல்லோரும் நல்லவர்கள்தான். ஒருவராவது கெட்டவராக இருந்திருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

ஜூன் 3, திங்கள்

பள்ளி திறந்தது. பேருந்து எங்கள் தெருமுனையைத் தாண்டிப் போனது. வேறு ஆள் ஓட்டினார். அண்ணன் உள்ளே இருந்தான், வெளியே வரவில்லை.

ஜூன் 14, வெள்ளி

அண்ணனுக்கு வேலை கிடைத்துவிட்டது. மருத்துவமனைத் துணிகளை எடுத்துப்போய் வெளுத்துக் கொண்டுவந்து கொடுக்கும் ஒரு சலவை நிறுவனம். வேன் ஓட்ட வேண்டும். அண்ணி இரண்டு முறை முகம் கழுவிக்கொண்டு வந்தார். காப்புரிமைக்காரருக்கு அண்ணனே போன் செய்து சொன்னான்.

“பக்கத்தைப் பாக்கலையா அவங்க?” என்று கேட்டேன்.

“பாத்தாங்க” என்றான். சட்டையை மாட்டும் சாக்கில் உள்ளே போய்விட்டான். எனக்கு என்னவோ போல் இருக்கிறது. இன்று கேட்க வேண்டாம், எல்லோரும் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள்.

ஜூன் 16, ஞாயிறு

கேட்டேன்.

அந்தச் சலவை நிறுவனம் சிறையிலிருந்து வந்தவர்களைத்தான் எடுக்கிறது. அதற்கென்றே ஒரு திட்டமாம். மற்ற இடங்களில் எல்லாம் இவன், “அது நான் இல்லீங்க” என்று சொல்லச் சொல்ல அவர்கள் முகம் மாறியதாம். பொய் வேறு சொல்கிறான் என்று. இங்கே அந்த மேலாளர், “இது நீங்கதானே?” என்று கேட்டபோது, இவனுக்குக் களைப்பாக இருந்ததாம்.

“ஆமான்னுட்டேன்” என்றான்.

“அண்ணா.”

“குடியை விட்டு எத்தன வருஷம்னு கேட்டாங்க. அஞ்சுன்னேன். கையைக் குடுத்து, சந்தோஷம்னு சொன்னாங்க. மூணு மாசத்துல எங்கிட்ட யாரும் அப்படிப் பேசலம்மா.”

ஒரு தப்பும் செய்யாதவனாக இருந்தால் சந்தேகப்படுகிறார்கள். செய்துவிட்டுத் திருந்தியவன் என்றால் கையைக் கொடுக்கிறார்கள். என்ன கண்றாவி இது.

“அண்ணிக்குத் தெரியுமா?”

“தெரியும்.”

“என்ன சொன்னாங்க?”

“நேத்து காலைல டிபன் கட்டிக் குடுத்தா.”

ஜூன் 29, சனி

சலவை நிறுவனத்தில் வாரம் ஒரு நாள் வகுப்பு. எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து அவரவர் கதையைச் சொல்ல வேண்டும். முதல் இரண்டு வாரம் இவன் தப்பித்துக்கொண்டான். இந்த வாரம் முடியவில்லை. அந்த மஞ்சள் குடையைச் சொல்லியிருக்கிறான், தூறலைச் சொல்லியிருக்கிறான். சொல்லும்போது அழுகை வந்துவிட்டதாம்.

“நிஜமாவே அழுதியா?” என்றேன்.

“ஒரு குழந்தைக்குக் கால் போயிடுச்சு. அழுகை வராதா?” என்று என்னையே திருப்பிக் கேட்டான்.

இத்தனை வருடம் குட்டிகளை முக்காலி போட்டு ஏற்றிவிட்டவன். வரும்தான்.

ஜூலை 8, திங்கள்

அரைநாள் விடுப்பு போட்டுவிட்டுச் சலவை நிறுவனத்துக்குப் போனேன். வேலை நிரந்தரமாக வேண்டுமென்றால் குடும்பத்தில் ஒருவர் வந்து, இவர் திருந்திவிட்டார் என்று ஒப்புக்கொள்ள வேண்டுமாம். அண்ணி தன்னால் முடியாது என்று சொல்லிவிட்டார்.

வகுப்பு எடுக்கும் அம்மையார் அன்பாகப் பேசினார். “எல்லார்கிட்டயும் ஏதாவது ஒரு சாக்கு இருக்கும். உங்க அண்ணன்கிட்ட மட்டும் சாக்கே இல்ல” என்றார். தாளைத் தள்ளினார். அண்ணன் பெயர், எங்கள் வீட்டு முகவரி, அந்த வழக்கு எண். கீழே, உறவு: தங்கை. இது எங்கே போகும், எந்த வரிசையில் உட்காரும், எந்திரம் இதைப் படித்துவிட்டு எவ்வளவு நிம்மதியாக மூடிவைக்கும் என்று இந்த ஊரில் என்னைவிட நன்றாக யாருக்குத் தெரியும்? இனி மேல்மாடியில் ஆள் இருந்தாலும் அவர்களாலும் பிரிக்க முடியாது. கூடப் பிறந்தவளே சொல்லிவிட்டாள்.

கையெழுத்துப் போட்டேன்.

அண்ணன் வேனில் காத்துக்கொண்டிருந்தான். “ஏறு, ஆபீஸ்ல விட்டுடறேன்” என்றான். வண்டியில் சோப்பு வாசனை. நிமிர்ந்து உட்கார்ந்து ஓட்டுகிறான், மார்ச்சுக்கு முன்னால் இருந்த மாதிரி. கொஞ்ச தூரம் போனதும், “அடுத்த மாசம் அந்தப் பொண்ணைப் பாக்கக் கூட்டிட்டுப் போறாங்க. வகுப்புல அதுதான் கடைசி. நேர்ல மன்னிப்பு கேக்கணும்” என்றான்.

“நீ எதுக்குக் கேக்கணும்?”

“அவர் போகமாட்டேங்கறார். யாராவது ஒருத்தர் போகணும்ல.”

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். அவளுக்கு அந்த ஆளின் முகம் ஞாபகம் இருக்குமா? நீதிமன்றத்தில் பார்த்திருப்பாளா? இவனைப் பார்த்ததும், ‘இவர் இல்லை’ என்று சொல்லிவிட்டால்? அந்த ஒரு வார்த்தைக்காகத்தானே மார்ச்சிலிருந்து நான் படியேறி இறங்கினேன். இன்று என் மனம், ஐயோ அந்தப் பெண் அப்படிச் சொல்லிவிடக் கூடாதே என்று அடித்துக்கொள்கிறது. சொன்னால் வண்டி போய்விடும் இவனுக்கு.

“இப்ப காலேஜ் சேந்திருக்காம். வெறுங்கையோட போகக் கூடாது. என்ன வாங்கிட்டுப் போகலாம்?” என்று கேட்டான்.

நல்ல பேனாவாக ஒன்று வாங்கலாம் என்று சொன்னேன்.